குடிக்கூலி வழக்கும் அதற்குரிய மன்றமும்

முகவுரை

உணவும் உடையும் போலவே உறையுளும் மக்கள் வாழ்வுக்கு இன்றியமையாததாம். எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்பது பழமொழி. ஆயினும் தனி வளை எல்லார்க்கும் வாய்ப்பதில்லை. வாய்க்காதார் வாய்த்தாரிடம் கூலி கொடுத்துக் குடியிருக்கின்றனர். வாய்த்தாருட் பலர் அக்கூலியைக் கொண்டே தம் முதுமைக் காலத்தைக் கழிக்கின்றனர். ஆகவே இவ்விரு திறத்தாரும் ஒருவரையொருவர் சார்ந்து வாழ்வோரே. எனினும், இவர்களுக்கிடையே பிணக்கு நேருங்கால் அதனைத் தீர்த்தற்குரிய இடம் யாது என்பதை அறிந்தவர் சிலரே.

இவ்வாராய்ச்சிக்குத் தாம்பரமும் அதனைச் சூழ்ந்த ஊர்களும் மிகப் பொருத்தமான நிலைக்களமாகும். 1931ஆம் ஆண்டில் சென்னைக் கடற்கரையினின்று தாம்பரம் வரையில் மின்சார இரயில் ஓடத் தொடங்கிற்று. 1937ஆம் ஆண்டில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி நகரத்தின் நடுவினின்றும் நீங்கி இங்குக் குடியேறிற்று. விமானப் படைத் தளமும், இரயில்வேப் பணிமனைகளும், பிற தொழில் நிலையங்களும் மக்களை ஈர்த்தன. 2021ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் தாம்பரம், பல்லாவரம், பம்மல், அனகாபுத்தூர், செம்பாக்கம் என்னும் ஐந்து நகராட்சிகளும், சிட்லபாக்கம், மாடம்பாக்கம், பீர்க்கன்காரணை, பெருங்களத்தூர், திருநீர்மலை என்னும் ஐந்து பேரூராட்சிகளும் ஒன்றுகூடித் தாம்பரம் மாநகராட்சி ஆயின. மாணவர், ஆசிரியர், ஊழியர், வணிகர் எனப் பலரும் குடிக்கூலிக்கு வாழும் ஊர் இது. நம் கல்லூரியின் பழைய மாணவருள் இங்குச் சிறு வீடு கட்டி வாடகைக்கு விட்டிருப்போரும் பலர்.

பிணக்கு நேர்ந்தவுடன், "நியாயம் எவர் பக்கம்?" என்று நாம் வினவுகிறோம். சட்டமோ, "இதனை விசாரிக்கும் அதிகாரம் எவர்க்கு உண்டு?" என்று முதலில் வினவுகின்றது. இரண்டாம் வினாவுக்கு விடை காணாமல் முதல் வினாவுக்குச் செல்ல இயலாது. அதிகாரமில்லாத மன்றம் அளித்த தீர்ப்பு, தீர்ப்பே ஆகாது என்பதை 1954ஆம் ஆண்டில் கிரண் சிங் என்பார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக உரைத்தது. இரு தரத்தாரும் இசைந்து நின்றாலும் இல்லாத அதிகாரம் மன்றத்திற்கு வந்துவிடாது. ஆகவே, நல்ல வழக்கை உடையவரும் வாயில் தவறிப் புகுந்தால் ஆண்டுகள் பல இழந்து மீளுவர். அத்தவறு நேராவண்ணம், எவ்வழக்குக்கு எவ்வாயில் என்பதை ஈண்டு ஆராய்வோமாக.

பொது விதி

நாட்டின் பொது விதி எளியது. உரிமையியல் பற்றிய வழக்கு யாவற்றையும், வேறொரு சட்டம் தடுத்தாலன்றி, உரிமையியல் நீதிமன்றமே விசாரிக்கும் என்று 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் பிரிவு கூறும். அச்சட்டத்தின் 16ஆம் பிரிவு, நிலம், வீடு முதலியவற்றைப் பற்றிய வழக்கை அவை அமைந்துள்ள இடத்து மன்றத்திலேயே தொடுத்தல் வேண்டும் என்கின்றது. வீட்டுக்காரர் மதுரையில் வாழினும், குடியிருப்பவர் திருச்சிக்குப் பெயர்ந்துவிடினும், வீடு சேலையூரிலிருப்பின் வழக்கும் அப்பகுதிக்குரிய மன்றத்திற்கே வரும்.

இனி, பொதுச் சட்டத்தின்படி குத்தகை எவ்வாறு முடிவுறும் என்பதை 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் வகுக்கின்றது. வேறு உடன்பாடு இல்லாதவிடத்து, மாதக் குடியிருப்பை முடிக்கப் பதினைந்து நாள் அறிவிப்புக் கொடுத்தல் போதும். அதன் பின்னரும் குடியிருப்பவர் வெளியேறாராயின், வீட்டுக்காரர் வழக்குத் தொடுத்து டிக்கிரி பெற்று வெளியேற்றலாம். நம் மாநிலத்தின் 1955ஆம் ஆண்டு நீதிமன்றக் கட்டணச் சட்டப்படி, இத்தகைய வழக்குக்குக் கட்டணம் கணக்கிடுவது வீட்டின் விலையைக் கொண்டன்று. முன் ஓராண்டு வாடகையையும், முன்தொகை கொடுக்கப்பட்டிருப்பின் அதனையும் கொண்டேயாகும். கோடி ரூபாய் பெறும் வீடாயினும், குடியிருப்பவரை வெளியேற்றும் வழக்கின் மதிப்பு அவர் தரும் வாடகையை ஒட்டியது என்பது பலர் அறியாத செய்தியாம்.

தனிச்சட்டம் பிறந்த வரலாறு

பொது விதி மட்டுமே ஆண்டிருப்பின் நம் ஆராய்ச்சி இத்துடன் முடிந்திருக்கும். இருபதாம் நூற்றாண்டின் இரு பெரும் போர்களும் அந்நிலையை மாற்றின. 1915ஆம் ஆண்டில் ஸ்காட்லாந்து நாட்டுக் கிளாஸ்கோ நகரில், போர்த் தொழிற்சாலைகளால் மக்கள் நெருக்கம் மிக, வீட்டுக்காரர் வாடகையை உயர்த்தினர். அதனை எதிர்த்துப் பெண்கள் முன்னின்று வாடகை மறுத்தனர். அவ்வாண்டிலேயே பிரிட்டிஷ் பாராளுமன்றம் வாடகை உயர்வைத் தடுக்கும் சட்டம் இயற்றிற்று. 1918ஆம் ஆண்டில் பம்பாயிலும் அத்தகைய சட்டம் வந்தது. இரண்டாம் உலகப் போரின்போது சென்னை மாகாணத்தில் அரசினர் ஆணைகளாற் கட்டுப்படுத்திய வாடகை, 1946ஆம் ஆண்டிலும் 1949ஆம் ஆண்டிலும் சட்டங்களின் கீழ் வந்தது. பின்னர் 1960ஆம் ஆண்டின் 18ஆம் சட்டம் அவற்றின் இடத்தைப் பெற்றது.

இச்சட்டங்கள் இரண்டு செயல்களைச் செய்தன. ஒன்று, சட்டம் குறித்த காரணங்களின்றிக் குடியிருப்பவரை வெளியேற்றலாகாது என்றன. மற்றொன்று, அக்காரணங்களை ஆராயும் அதிகாரத்தை வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரி என்பாரிடம் ஒப்படைத்தன. சென்னையில் சிறு வழக்கு நீதிமன்ற நீதிபதிகளும், வெளியூர்களில் மாவட்ட முன்சீப்புகளும் அப்பணியை ஆற்றினர். ஆளும் மன்றக் கட்டடமும் பழையனவே. எனினும் அதிகாரம் வேறு. முன்சீப்பு என்னும் முறையில் அவர் செய்ய இயலாததை வாடகை அதிகாரி என்னும் முறையில் செய்தார்; இதன் மறுதலையும் உண்மையாம்.

இவ்வேற்றுமையின் பயனை 1979ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் கூடி விளக்கினர். தனபால் செட்டியார், யசோதை அம்மாள் ஆகியோருக்கு இடையே நம் தமிழ்நாட்டில் எழுந்த வழக்கு அது. தனிச்சட்டப்படி வெளியேற்றுங்கால், சொத்து மாற்றுச் சட்டத்தின் 106ஆம் பிரிவு அறிவிப்பும் வேண்டுமோ என்பதே வினா. வேண்டுவதில்லை என்று அவர்கள் முடிவு கூறினர். வாயில் மாறினால் அவ்வாயிலுக்குரிய முறைமையும் மாறும் என்பதற்கு இதனினும் சிறந்த எடுத்துக்காட்டு வேண்டா.

1960ஆம் ஆண்டுச் சட்டம் எல்லா வீட்டையும் தழுவவில்லை. கட்டி முடித்து ஐந்தாண்டு நிரம்பாத கட்டடங்களுக்கு அது விலக்களித்தது. நாள்தோறும் புதுவீடுகள் எழுந்த புறநகர்களில் அவ்விலக்கின் பயன் பெரிது. ஒரே தெருவில் பழைய வீட்டு வழக்கு வாடகை அதிகாரியிடமும், அதனை அடுத்த புதுவீட்டு வழக்கு உரிமையியல் நீதிமன்றத்திலும் நடைபெறுதல் கூடும். வாடகைத் தொகை மிகுந்த குடியிருப்பு வீடுகளுக்குச் சட்டம் பாதுகாப்பு மறுத்ததோ, அரசியலமைப்புக் கூறும் சமத்துவத்துக்கு மாறானது என்று 1986ஆம் ஆண்டில் ரத்தன் ஆரியா வழக்கில் நீக்கப்பட்டது. தில்லியிலோ நிலைமை வேறு. திங்களுக்கு 3,500 ரூபாய்க்கு மேற்பட்ட வாடகையுடைய இடங்கள் 1988ஆம் ஆண்டின் திருத்தத்தால் அந்நகர வாடகைச் சட்டத்தினின்றும் நீங்கின. அவ்வழக்குகள் உரிமையியல் நீதிமன்றத்தையே நாடும். ஆகவே ஒரு மாநிலத்து விதியைப் பிறிதொரு மாநிலத்தார் கண்ணை மூடிக்கொண்டு பின்பற்றலாகாது.

இன்றைய சட்டம்

தமிழ்நாட்டில் 1960ஆம் ஆண்டுச் சட்டம் இன்று இல்லை. நில உரிமையாளர் மற்றும் குத்தகைதாரர் உரிமைகளையும் பொறுப்புகளையும் ஒழுங்குபடுத்தும் 2017ஆம் ஆண்டின் 42ஆம் சட்டம், 2019ஆம் ஆண்டு பிப்ரவரி 22ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. பழைய சட்டத்தின் கீழ் அப்போது நிலுவையிலிருந்த வழக்குகள் மட்டும் பழைய முறைப்படியே தொடர இடமளிக்கப்பட்டது. புதிய சட்டம் மூன்று படிகளை வகுத்துள்ளது.

முதற்படி வாடகை அதிகாரி. துணை ஆட்சியர் நிலைக்குக் குறையாத ஒருவர் இப்பதவியில் அமர்வார். வாடகை உடன்படிக்கை எழுத்தில் இருத்தல் வேண்டும். அது இவரிடம் பதிவு பெறுதல் வேண்டும். வீட்டுக்காரர் வாடகையை வாங்க மறுப்பின் அதனை இவரிடம் செலுத்தலாம். தண்ணீர், மின்சாரம் போன்ற இன்றியமையாத வசதிகளைத் தடுத்தார் எனின் முறையிடுவதும் இவரிடமே. எனினும், குடியிருப்பவரை வெளியேற்ற ஆணையிடுதல் இவர் வேலையன்று.

இரண்டாம் படி வாடகை நீதிமன்றம். வெளியேற்ற வழக்குக்கு உரிய வாயில் இதுவே. உடன்படிக்கை செய்துகொள்ளத் தவறுதல், அறிவிப்புப் பெற்ற பின்னரும் வாடகை நிலுவையைச் செலுத்தாமை, இசைவின்றிப் பிறர்க்கு உள்வாடகைக்கு விடுதல், இடத்தைத் தகாவழியிற் பயன்படுத்தல், பழுதுபார்க்கவோ இடித்துக் கட்டவோ வேண்டியிருத்தல், உரிமையாளர்க்கே இடம் தேவைப்படுதல் முதலியன இங்கு ஆராயப்படும் காரணங்கள். மூன்றாம் படி வாடகைத் தீர்ப்பாயம். கீழ் மன்றத்தின் ஆணைமீது மேல்முறையீடு இங்குச் செல்லும். இவையாவற்றுக்கும் மேலாக, அரசியலமைப்பின் 227ஆம் உறுப்பின்படி உயர்நீதிமன்றத்திற்கு மேற்பார்வை அதிகாரம் உண்டு.

இச்சட்டம் தன் எல்லைக்குட்பட்ட பொருள்களில் உரிமையியல் நீதிமன்றம் தலையிடுவதைத் தடுக்கின்றது. அதே வேளையில் வாடகை நீதிமன்றத்திற்கும் ஒரு வேலி இட்டுள்ளது. வீடு எவர்க்கு உரியது என்னும் உரிமை மூலத்தை அது முடிவு செய்யலாகாது. அண்ணன் தம்பியர் இருவரும் தந்தையின் வீட்டைத் தமதெனக் கூறி வழக்காடுவராயின், அவ்வழக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்கே உரியது. ஆயின், ஒருவரை வீட்டுக்காரராக ஏற்று அவரிடம் குடிபுகுந்தவர், பின்னர், "இவர் உரிமையாளரே அல்லர்" என்று கூறித் தப்புதற்குச் சாட்சியச் சட்டம் இடங்கொடாது.

விலக்குகள்

இனி, புதிய சட்டத்தின் எல்லைக்குப் புறம்பானவற்றைக் காண்போம். தென்புறநகர்களில் இவை மிகுதியாதலின், ஈண்டே பலர் வழி தவறுகின்றனர்.

முதலாவது, அரசினர் கட்டடம். இரயில்வேக் குடியிருப்பிலோ மத்திய அரசின் பிற இடங்களிலோ உரிமையின்றித் தங்கியிருப்பாரை வெளியேற்றுதற்கு 1971ஆம் ஆண்டின் பொது வளாகச் சட்டம் தனி முறை வகுத்துள்ளது. எஸ்டேட் அதிகாரி என்பவர் காரணம் காட்டுமாறு அறிவிப்பு அனுப்பி, விசாரித்து, ஆணையிடுவார். அதன் மேல்முறையீடு மாவட்ட நீதிபதியிடம் செல்லும். நாட்டுடைமையாக்கப்பெற்ற வங்கிகளின் கட்டடங்களிலும் வாடகைச் சட்டத்தினும் இச்சட்டமே மேலோங்கும் என்று 1990ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்ற அரசியலமைப்பு அமர்வு முடிவு கூறிற்று. மாநில அரசின் இடங்களுக்கு 1975ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டம் உண்டு.

இரண்டாவது, படைக்குடியிருப்புப் பகுதி. பரங்கிமலையும் பல்லாவரத்தின் ஒரு பகுதியும் கண்டோன்மெண்டு எல்லைக்குள் அமைந்தவை. கண்டோன்மெண்டு எல்லையில் வீட்டு வசதியும் வாடகைக் கட்டுப்பாடும் பாராளுமன்றத்துக்கே உரிய பொருள்கள் என அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணை கூறுகின்றது. மாநிலத்தின் வாடகைச் சட்டம் அங்குச் செல்ல வேண்டுமாயின், 1957ஆம் ஆண்டின் மத்தியச் சட்டத்தின் கீழ் மத்திய அரசு அறிவிக்கை வாயிலாக அதனை விரித்தல் வேண்டும். ஆகவே பல்லாவரத்தில் வீடு என்று மட்டும் கூறினாற் போதாது. எல்லைக்கல்லின் இப்புறமோ அப்புறமோ என்பதையும் கூறுதல் வேண்டும்.

மூன்றாவது, வெற்று நிலத்தை வாடகைக்குப் பெற்று அதன்மீது தாமே வீடு கட்டிக்கொண்டவரின் நிலை. இவர்க்கென 1922ஆம் ஆண்டின் 3ஆம் சட்டமான சென்னை நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம் உள்ளது. நில உரிமையாளர் வெளியேற்ற வழக்குத் தொடுப்பின், அச்சட்டம் பொருந்துமிடத்து, குடியிருப்பவர் தாம் எழுப்பிய கட்டடத்துக்கு ஈடு பெறலாம். அல்லது தமக்கு வேண்டிய அளவு நிலத்தை நீதிமன்றம் குறிக்கும் விலைக்குத் தமக்கே விற்குமாறு வேண்டலாம். இது வாடகை நீதிமன்ற வழக்கன்று. பிற்காலத் திருத்தங்கள் இதனைப் பழைய நிலக்குடிகளின் அளவில் நிறுத்தியுள்ளன. கோயில் முதலிய சமய நிலையங்களின் நிலத்தையும் 1996ஆம் ஆண்டுத் திருத்தம் விலக்கியுள்ளது. கோயில் நிலத்தில் உரிமையின்றி இருப்போரைப் பற்றி 1959ஆம் ஆண்டின் இந்து சமய அறநிலையச் சட்டம், அத்துறை அதிகாரிகள் வாயிலாகவே வேறு வழி வகுத்துள்ளது.

நான்காவது, பணியின் பொருட்டுத் தரப்பட்ட வீடு. ஒரு கல்லூரியோ தொழிற்சாலையோ தன் ஊழியர்க்குப் பணி ஒப்பந்தத்தின் பகுதியாக அளிக்கும் இல்லம் 2017ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் புறம்பானது.

ஐந்தாவது, விடுதியறை. கூலி வாங்கி ஓரிடத்தைத் தந்தவுடன் அது குத்தகையாகிவிடாது. இடத்தின்மீது தனியுரிமை அளித்தலே குத்தகை. இடத்தின் உரிமையும் காவலும் தரத்தவரிடமே நிற்க, தங்குவதற்கு மட்டும் இசைவு தருதல் உரிமம். 1959ஆம் ஆண்டில் அசோசியேட்டட் ஹோட்டல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இவ்வேற்றுமையை விளக்கிப் பத்திரத்தின் பெயரைக் காட்டிலும் அதன் உட்பொருளே முதன்மை என்றது. உணவும் இடமும் தரும் தனியார் விடுதிகளில் ஒரு கட்டில் பெற்றுத் தங்கும் மாணவர் பெரும்பாலும் உரிமம் பெற்றவரேயன்றிக் குத்தகைதாரர் அல்லர். உரிமம் பற்றிய பிணக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்குரியது.

எல்லைகள்

மன்றத்தின் இட எல்லையையும் ஈண்டுக் குறித்தல் தகும். சென்னை மாநகராட்சி 2011ஆம் ஆண்டில் விரிந்தது. ஆலந்தூர் முதலிய ஊர்கள் அதனுட் புகுந்தன. 2019ஆம் ஆண்டு நவம்பரில் காஞ்சிபுரத்தினின்றும் பிரிந்து செங்கற்பட்டு மாவட்டம் தோன்றிற்று, தாம்பரம் அதன்பாற்பட்டது. மாநகராட்சி எல்லை, வருவாய் மாவட்ட எல்லை, நீதிமன்ற எல்லை ஆகிய மூன்றும் ஒன்றேயென எண்ணுதல் பெரும்பிழையாம். ஊராட்சி மன்றம் மாறிய நாளிலேயே நீதிமன்ற எல்லையும் மாறிவிடுவதில்லை. ஆகவே வழக்குத் தொடுக்குமுன், வீடு அமைந்த வருவாய்க் கிராமம் எம்மன்றத்தின் எல்லைக்கு உட்பட்டது என்பதை அறிவிக்கைகளைக் கொண்டு தெளிதல் வேண்டும்.

மன்றத்தை நாடாமல் வெளியேற்றல்

சிலர் எம்மன்றத்தையும் நாடாமல் பூட்டொன்றையே நாடுகின்றனர். குடியிருப்பவர் ஊருக்குச் சென்ற வேளையில் பூட்டை மாற்றுதல், பொருள்களை வீதியில் எறிதல், மின் இணைப்பைத் துண்டித்தல் ஆகியன நாம் கேள்வியுறாதன அல்ல. வாடகை பல திங்கள் நிலுவையாயிருப்பினும், உடன்படிக்கைக் காலம் முடிந்திருப்பினும், சட்டவழியின்றி ஒருவரை வெளியேற்றுதல் தகாது. அவ்வாறு வெளியேற்றப்பட்டவர், 1963ஆம் ஆண்டின் தனிக்குறிப்பு நிவாரணச் சட்டத்தின் 6ஆம் பிரிவின்படி, ஆறு திங்களுக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து இடத்தைத் திரும்பப் பெறலாம். அவ்வழக்கில் உரிமை எவருடையது என்னும் ஆராய்ச்சிக்கு இடமில்லை. இருந்தவரைச் சட்டமின்றி வெளியேற்றியதுண்டா என்பது ஒன்றே வினா. ஆயின் இப்பிரிவின்படி அரசினர்மீது வழக்குத் தொடுத்தல் இயலாது. ஆறு திங்கள் கழிந்தால் இவ்வாயில் அடைபடும் என்பதை மறத்தலாகாது.

நடுவர் தீர்ப்பும் சமரசமும்

உடன்படிக்கையில், "பிணக்கு நேர்ந்தால் நடுவர் தீர்ப்பார்" என்று எழுதிக்கொள்ளும் வழக்கமும் உண்டு. சொத்து மாற்றுச் சட்டத்துக்கு மட்டும் உட்பட்ட குத்தகையாயின் நடுவர் தீர்க்கலாம். தனிச்சட்டம் தனி மன்றத்துக்கே அதிகாரம் அளித்துள்ளவிடத்து நடுவர்க்கு இடமில்லை என்று 2020ஆம் ஆண்டு டிசம்பரில் வித்யா துரோலியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. மன்றத்தை நாடுமுன் அல்லது நாடிய பின்னரும் சமரசம் செய்துகொள்ள விரும்புவோர்க்கு, 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் சட்டத்தின் கீழ் மக்கள் நீதிமன்றம் திறந்துள்ளது. அங்கு இசைந்து பெறும் முடிவு நீதிமன்ற டிக்கிரியாகவே கருதப்படும். அதன்மீது மேல்முறையீடு இல்லை. பெண்களும், ஆதிதிராவிடர் பழங்குடியினரும், வருவாய் குறைந்தோரும் அச்சட்டப்படி இலவச சட்ட உதவி பெறத் தக்கவர்.

முடிவுரை

இதுகாறும் கூறியவற்றை ஐந்து வினாக்களிற் சுருக்கலாம். வழக்கின் பொருள் கட்டடமா, வெற்று நிலமா, விடுதியறையா? அதன் உரிமையாளர் தனியாளா, அரசா, சமய நிலையமா, பணி தரும் நிறுவனமா? அது எவ்வெல்லைக்குள் அமைந்துள்ளது? உடன்படிக்கை எப்போது, எவ்வாறு எழுதப்பட்டது, பதிவு பெற்றதா? வேண்டுவது யாது, வெளியேற்றமா, நிறுத்திய தண்ணீரா, பறித்த இருப்பிடமா, உரிமை மூலத்தின் தெளிவா? இவ்வைந்துக்கும் விடை கண்டார்க்குரிய மன்றத்தின் வாயில் தானே தோன்றும்.

அறியாது வேறு வாயிலிற் புகுந்தவர்க்கும் சட்டம் முற்றும் இரக்கமற்றதன்று. அதிகாரமில்லாத மன்றம் பிராதை உரிய மன்றத்திற் கொடுக்குமாறு திருப்பித் தரலாம். நன்னம்பிக்கையோடும் ஊக்கத்தோடும் அங்குக் கழித்த காலத்தை 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் கணக்கினின்றும் நீக்கும். எனினும், கழிந்த காலத்தைக் கணக்கினின்று நீக்கலாமேயன்றி வாழ்வினின்று நீக்க இயலுமோ? ஓய்வூதியமில்லாத முதியவர்க்கு ஈராண்டு வாடகை பெரிது. தேர்வுக் காலத்தில் வீதியில் நின்ற மாணவர்க்கு ஒரு திங்கள் பெரிது.

ஆதலின் நம் மாணவ நண்பர்களுக்கு நாம் கூறுவன சிலவே. குடிபுகுமுன் உடன்படிக்கையை எழுத்தில் பெறுங்கள். அது பதிவாயிற்றா எனக் கேளுங்கள். முன்பணம், வேறு உடன்பாடு இல்லாவிடத்து, மூன்று திங்கள் வாடகைக்கு மேற்படலாகாது என்பதை நினைவில் வையுங்கள். கொடுத்த வாடகைக்குப் பற்றுச்சீட்டு வாங்கி வையுங்கள். வீட்டுக்காரராகிய நம் பழைய மாணவர்களும் இவற்றைத் தமக்குரிய காப்பெனவே கொள்வாராக; எழுத்தில் நின்ற உடன்படிக்கை இருவர்க்கும் பொதுவான சான்றன்றோ? பிணக்கே எழாமை நன்று. எழுந்தால் பூட்டையும் கோலையும் நாடாது உரிய மன்றத்தை நாடுதல் கற்றார்க்கு அழகாம்.